அக்கா வீட்டுக்கு முன்னால் ஒரு எல்லை

1

இந்தக் கதை ஒரு கேட்டிலிருந்து வந்தது. கதை எங்கிருந்து பிறந்தது என்று கேட்டால் எழுதுகிறவர்கள் வழக்கமாக வானத்தைப் பார்ப்பார்கள். எனக்கு அந்தப் பம்மாத்தெல்லாம் வராது. போன மழைக்காலத்தில் நானும் என் மனைவியும் ஒரு எல்லைப் படத்துக்குப் போயிருந்தோம். கடைசிக் காட்சியில் கதாநாயகன் இரண்டு நாடுகளுக்கும் நடுவே நிற்கும் பெரிய இரும்பு கேட்டைத் தோளால் இடிக்கிறான். இடிக்கிறான், இடிக்கிறான், அரங்கமே எழுந்து நின்றுவிட்டது. அடுத்த ஷாட்டில் கேட் தரையில் கிடக்கிறது. புழுதி, கொடி, கண்ணீர். நானும் கண்ணைத் துடைத்துக்கொண்டேன், பொய் சொல்வானேன்.

வெளியே வந்து குடையை விரித்துக்கொண்டே அவள் சொன்னாள்: "அந்த கேட்டு அசையவே இல்ல, பாத்தீங்களா?"

"விழுந்துச்சேம்மா."

"விழுந்து கெடந்துச்சு. விழுந்தத யாரு பாத்தா? அவன் இடிக்கிறப்ப அது இம்மிகூட ஆடல. செட்டுன்னா லேசா ஆடுமில்ல? இங்க அவன்தான் ஆடினான்."

இவளோடு சினிமாவுக்குப் போனால் இதுதான் தொல்லை. நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு வருவேன், இவள் கீலைப் பார்த்துவிட்டு வருவாள். ஆனால் அன்றைக்கு வீடு வரும் வரைக்கும் எனக்கு அதே நினைப்பு. படப்பிடிப்புக்கு நிற்கப்போகிற ஒரு கேட்டை அத்தனை பலமாக யார் செய்தது? ஏன் செய்தார்? படம் முடிந்த பிறகு அது என்ன ஆயிற்று?

எனக்குப் பதில் தெரியாது. யாரிடமும் விசாரிக்கவும் இல்லை. விசாரித்திருந்தால் கட்டுரை வந்திருக்கும்.

2

முதல் தொடக்கம்:

"அதிகாலை மூடுபனியில் முள்வேலி நனைந்து நின்றது. தொலைவில் பூட்ஸ் சத்தம். வேலிக்கு இருபுறமும் ஒரே வானம், ஒரே காற்று, ஒரே—"

இங்கே நிறுத்திவிட்டேன். 'ஒரே' என்று ஆரம்பித்தால் 'ஒரே ரத்தம்' வரைக்கும் போகாமல் விடாது. மனைவி தோளுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்து, "மூடுபனியா? அங்க பனி பெய்யுமா?" என்றாள். எங்கே என்று நான்தான் இன்னும் முடிவே செய்யவில்லையே.

இரண்டாம் தொடக்கம்:

"காணாமல்போன ஆட்டுக்குட்டியைத் தேடிக்கொண்டு அந்தச் சிறுமி வேலியை நெருங்கியபோது—"

இந்த ஆட்டுக்குட்டியை எனக்குத் தெரியும். உங்களுக்கும் தெரியும். எல்லைப் படங்கள் எல்லாவற்றிலும் இதே ஆட்டுக்குட்டிதான் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் போகிறது. அதற்கு இத்தனை வருஷத்தில் வயசே ஆகவில்லை.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நான் எந்த எல்லையையும் நேரில் கண்டதில்லை. எனக்குத் தெரிந்ததெல்லாம் திரையில் பார்த்ததுதான். அங்கே எப்போதும் சாயங்காலம். அந்தப் பக்கத்துக் காட்சி வந்தால் படமே மஞ்சளாகிவிடும், அந்த ஊர்ச் சூரியனுக்கே காமாலை வந்த மாதிரி. பெண்கள் வேலை எதுவும் செய்யாமல் வாசலில் நின்று தூரத்தைப் பார்ப்பார்கள். பின்னால் ஒரு புல்லாங்குழல் அழும். எல்லையில் யாருக்கும் பல்வலி வராது. யாரும் மின்கட்டணம் கட்டப் போகமாட்டார்கள், பிள்ளைக்குக் கணக்கு வரவில்லை என்று வாத்தியாரிடம் சண்டை போடமாட்டார்கள். பிரிவார்கள், ஓடுவார்கள், சுடப்படுவார்கள். அவ்வளவுதான் அவர்களுக்கு வேலை.

எல்லைக்குப் பக்கத்தில் பிறந்து வளர்ந்தவர்கள் இந்தப் படங்களைப் பார்க்கும்போது என்ன நினைப்பார்கள் என்று யோசித்தேன். ஒருவேளை அவர்களும் கண்ணைத் துடைத்துக்கொள்ளலாம். நல்லவேளை நாம் அங்கே இல்லை என்றுகூட நினைத்துக்கொள்ளலாம்.

"உங்களுக்குத் தெரிஞ்ச தொழில்காரங்க யாரையாவது வெச்சு எழுதுங்களேன்" என்றாள் மனைவி. எங்கள் வீட்டு ஜன்னல் கம்பி பெயர்ந்தபோது வந்து பற்றவைத்துக் கொடுத்த மனிதரை நினைத்துக்கொண்டேன்.

3

மூன்றாம் தொடக்கம். இதை வைத்துக்கொள்கிறேன்.

வெல்டருக்கு எல்லையைப் பற்றி நினைக்க நேரமில்லை. பட்டறையில் ஒரு மாடிப்படிக் கைப்பிடி பாதியில் நின்றது. கால் ஒடிந்த ஆஸ்பத்திரிக் கட்டில் ஒன்று காலையிலிருந்து காத்துக் கிடந்தது. கட்டிலுக்குக் கால் வைத்து, கிரைண்டரால் பிசிறு எடுத்து, தட்டிப் பார்த்துவிட்டுக் கையைக் கழுவியபோது மத்தியானம் ஆகிவிட்டது. மனைவி வேலைக்குப் போகிறவள், ஆகவே சாப்பாடு அக்கா வீட்டில். நாற்பதைத் தாண்டி, முன்கையெல்லாம் நெருப்புப்பொறித் தழும்பு விழுந்த மனிதர். ஊருக்கு அவர் 'வெல்டரண்ணன்', அக்காவுக்கு மட்டும் இன்னும் 'டேய்'.

அக்கா வீடு தெருக்கோடியில், கடைசி வீடு. மாமா இறந்த பிறகு அக்கா பள்ளிச் சீருடை தைத்துத்தான் காலம் தள்ளினாள். ஊரில் பாதிப் பிள்ளைகளின் கைநீளம் அவளுக்கு மனப்பாடம். அந்த வீட்டைத் தாண்டினால் வயல்காடு, அதைத் தாண்டினால் ஒரு வறண்ட வாய்க்கால், வாய்க்கால் கரையில் வரிசையாகச் சுண்ணாம்பு அடித்த கற்கள். அந்தக் கற்கள்தான் எல்லை. பக்கத்தில் ஒரு தகரக் கொட்டகையில் இரண்டு மூன்று காவலர்கள் வெயிலுக்குச் சாக்குக் கட்டி உட்கார்ந்திருப்பார்கள். கல்லைத் தாண்டக் கூடாது என்று எல்லோருக்கும் தெரியும். தாண்டி என்ன செய்வது, அங்கேயும் இதே முள்செடிதானே!

இந்த ஊருக்குத்தான் ஒரு சினிமாக் கம்பெனியின் ஆர்ட் டைரக்டர் வந்து இறங்கினார். வாய்க்காலைப் பார்த்தார். கற்களைப் பார்த்தார். கூட வந்த வெல்டரைப் பார்த்தார். உள்ளூரில் இரும்பு வேலைக்கு இருக்கிற ஒரே ஆள் என்று அவரைத்தான் கூட்டிவந்திருந்தார்கள்.

"இதுவா பார்டரு?"

"ஆமா சார்."

"பார்டர் மாதிரியே இல்லியேப்பா!"

வெல்டருக்கே கொஞ்சம் வெட்கமாகிவிட்டது. விருந்தாளி முன்னால் வீட்டைக் குப்பையாகப் போட்டுவைத்த மாதிரி.

எப்படியும் கற்களுக்குப் பக்கத்தில் படம் எடுக்க அனுமதி கிடையாது. ஆர்ட் டைரக்டர் தெருவுக்குத் திரும்பி வந்தார். கடைசி வீட்டுக்கும் அதற்கு முந்தின வீட்டுக்கும் நடுவே இருந்த காலி இடத்தில் நின்று, கண்ணைச் சுருக்கிப் பார்த்து, சந்தோஷத்தில் கையைத் தட்டினார். "இங்க ஒரு பெரிய கேட்டு. ரெண்டு பக்கமும் முள்வேலி. ஒரு கண்காணிப்புக் கோபுரம். இதுவரைக்கும் நம்ம நாடு. அதோ, அந்த வீடு அந்த நாடு."

அக்கா கத்தரிக்கோலும் கையுமாக வாசலுக்கு வந்தாள். "எது அந்த நாடு?"

"உங்க வீடும்மா. படத்துல."

"அப்ப நான்?"

"நீங்க அந்த நாட்டு அம்மா."

"அடேங்கப்பா! காலைல எந்திரிக்கிறப்பகூட இங்கதானப்பா இருந்தேன்" என்றாள் அக்கா. எல்லோரும் சிரித்தார்கள். வெல்டரும்தான்.

4

அக்கா வீட்டு முன்சுவரில் அந்த நாட்டுக் கொடியின் நிறத்தை அடித்து, அந்த நாட்டு எழுத்தில் ஏதோ ஒரு கோஷமும் எழுதினார்கள். காரை பெயர்ந்த சுவர் பளிச்சென்று ஆகிவிட்டதில் அவளுக்குத் திருப்தி. என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டதற்கு, எழுதினவனுக்கே தெரியவில்லை.

கேட்டைப் பற்றி ஆர்ட் டைரக்டர் தெளிவாகத்தான் சொன்னார். "பைப்புல சட்டம், மேல பிளைவுட்டு, அதுக்கு மேல பெயிண்ட்டு. பாக்க இரும்பு மாதிரி இருந்தா போதும். ஹீரோ இடிச்சா விழணும்."

அன்றைக்கு மத்தியானம் சாப்பாட்டுத் தட்டை வைத்துக்கொண்டு அக்கா பிடித்துக்கொண்டாள். "தெருவுல புள்ளைங்க வெளையாடுதுங்க. நீ பாட்டுக்கு அட்டையில எதையாவது நிறுத்திவெச்சு, காத்துல சாஞ்சு யார் தலையிலயாவது விழுந்தா? அவங்க படத்த எடுத்துட்டுப் போயிடுவாங்க. நாந்தான் தெனமும் அதுக்கு அடியில போய்வரணும். பலமா போடுடா."

பலமாகப் போட்டார். குழி தோண்டிக் கான்கிரீட் கொட்டித் தூணை நிறுத்தினார். தடித்த சட்டம், தடித்த தகடு, மணிக்கட்டுப் பருமனில் கீல். வேலிக்கும் கோபுரத்துக்கும்கூட அதே பலம்தான். ஆர்ட் டைரக்டர் வந்து பார்த்தபோது தலையில் கை வைத்துக்கொண்டார். ஆனால் மறுநாள் படப்பிடிப்பு, நேரம் இல்லை. கேமராவில் பார்த்துவிட்டு, "பாக்க பிரமாதமா இருக்கு. இடிக்கிறத அப்புறம் பாத்துக்கலாம்" என்று போய்விட்டார்.

(இந்த இடத்தில் எனக்கு வெல்டர்மேல் சந்தேகம் வந்தது. விழ வேண்டிய ஒன்றைச் செய்யச் சொன்னால் விழாத ஒன்றைச் செய்கிற ஆளை வாசகர் நம்புவாரா? மனைவியிடம் கேட்டேன். "அவருக்குப் பொய்யா செய்யத் தெரியல" என்றாள். "ஆகா! உழைப்பாளியின் நேர்மை" என்று நான் பேனாவை எடுக்கப்போனேன். "ஐயோ, அப்படி எழுதித் தொலைச்சிடாதீங்க. இதுல என்ன நேர்மை இருக்கு? அக்கா சொன்னா கேப்பாரு, வேலை குடுத்தவங்க சொன்னா கேக்க மாட்டாரு. அவ்வளவுதான்." அப்படியே எழுதிவிட்டேன்.)

5

படப்பிடிப்பன்று ஊரே குளித்து, தலைவாரி, இஸ்திரி போட்ட துணியில் வந்து நின்றது. பின்னே, நாடு பூராவும் பார்க்கப்போகிறதே! மேக்கப்காரர்கள் வாளியில் புழுதியோடு வந்தார்கள். அந்தப் பக்கத்து ஜனங்களாக நடிக்கிறவர்கள் தலையிலும் தோளிலும் அள்ளித் தூவினார்கள். அக்கா தன் நல்ல புடவையில் இருந்தாள்.

"இப்பதானப்பா குளிச்சிட்டு வந்தேன்."

"அந்தப் பக்கத்துல இருக்கறவங்க இப்படி பளபளன்னு இருக்க மாட்டாங்கம்மா."

"நீ பாத்தியா?"

அவன் அவள் கன்னத்தில் கரியைத் தேய்த்தான்.

அவளுடைய வேலை, தன் சொந்த வாசலில் நின்று கேட்டைப் பார்ப்பது. "ஏக்கமா பாருங்கம்மா" என்றார்கள். கேட்டுக்கு இந்தப் பக்கம் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த தம்பியைப் பார்த்ததும் அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. கட். மறுபடி சிரித்தாள். கட். கடைசியில் உதவி இயக்குநர் பெண் ஒருத்தி கிட்டே போய், "வீட்ட விட்டுப் போன யாரையாவது நெனச்சுக்கோங்கம்மா" என்று காதில் சொன்னாள். அக்காவின் முகம் அப்படியே இறங்கிவிட்டது. தம்பிக்கு அதைப் பார்க்கச் சகிக்கவில்லை, வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். டேக் ஓகே ஆயிற்று.

கதாநாயகன் கேட்டை இடித்தான். தோள் பிசகிக்கொண்டதுதான் மிச்சம். ஐஸ் வைத்து, வண்டியில் ஏற்றி அனுப்பினார்கள். விழுந்து கிடக்கிற கேட் ஒன்றை அவசரமாகப் பிளைவுட்டில் செய்து தரையில் போட்டுப் படம் எடுத்துக்கொண்டார்கள்.

போகும்போது வெல்டர் கேட்டார்: "கழட்டிடலாமா சார்?"

"இருக்கட்டும்ப்பா. விட்டுப்போன ஷாட்டு, பேட்ச் ஒர்க்குன்னு ஏதாவது இருந்தா திரும்ப வருவோம். சொல்றப்ப கழட்டு."

அவர்கள் வரவில்லை. சொல்லவும் இல்லை. கேட் திறந்தபடி கிடந்தது. பிள்ளைகள் அதில் ஊஞ்சல் ஆடினார்கள், அக்கா வேலியில் துணி காயப் போட்டாள்.

6

அடுத்து வரப்போவதை நீங்கள் நம்பமாட்டீர்கள் என்று தோன்றுகிறது.*

எல்லைக் காவலர்களுக்கு மாற்றல் வரும். பழையவர்கள் போய்ப் புதியவர்கள் வந்தார்கள். அவர்களுடைய அதிகாரி இளவயசு, எங்கோ தூரத்துக்காரர், எல்லைப் பணிக்கு முதல் தடவையாக வருகிறார். தெருவுக்குள் வண்டி நுழைந்ததும் எதிரே கேட், வேலி, கோபுரம், கேட்டுக்கு அப்பால் பகைநாட்டுக் கொடி தீட்டிய ஒரு வீடு. அவர் இறங்கி நின்று சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார்.

அப்புறம் வாய்க்கால் கரைக்குக் கூட்டிப்போய்க் கற்களைக் காட்டினார்கள். உண்மை தெரியாமலா இருக்கும்? தெரிந்தது. ஆனால் தகரக் கொட்டகையில் வெயில் கொளுத்தியது, கோபுரத்தில் நிழலும் காற்றும் இருந்தன. முதலில் பகலுக்கு மட்டும் வந்து கோபுரத்தில் உட்கார்ந்தார்கள். பிறகு அங்கேயே தங்கினார்கள். பிறகு ஒருநாள், பாதுகாப்புக்காக, சாயங்காலம் ஆறு மணிக்குக் கேட்டைச் சாத்திக் காலையில் திறக்க ஆரம்பித்தார்கள். இதையெல்லாம் மேலிடத்துக்கு எழுதியபோது 'ஏற்கெனவே உள்ள வேலி' என்று எழுதினார்கள். அதில் பொய் ஒன்றும் இல்லை.

வெல்டர் போய் நியாயம் கேட்டபோது அந்த இளைஞர் மரியாதையாக எழுந்து நின்றுதான் பேசினார். "தப்பா நெனக்காதீங்கண்ணே. சின்ன வயசுலேர்ந்து எல்லைன்னா என் மனசுல இப்படித்தான் இருந்துச்சு. கேட்டு, டவரு எல்லாம். வந்து பாத்தா வாய்க்கா! எங்கம்மாவுக்கு போட்டோ எடுத்து அனுப்பக்கூட கூச்சமா இருந்துச்சு."

"இது நான் செஞ்சதுங்க சார். சினிமாவுக்குச் செஞ்சது."

"நல்லா செஞ்சிருக்கீங்கண்ணே" என்றார் அதிகாரி, மனசார.

* இதை எழுதிவிட்டுப் படித்ததும் நானே, 'இப்படியும் நடக்குமா' என்று கோடு போட்டு அடிக்கப்போனேன். மனைவிதான் தடுத்தாள். "நம்ம தெருவுல குழாய் பதிக்கத் தோண்டினப்ப ஒரு தடுப்பு வெச்சாங்களே. குழிய மூடி எத்தன வருஷமாச்சு? இன்னும் எல்லாரும் அதச் சுத்திக்கிட்டுத்தான போறோம். நீங்களும்தான்." ஆமாம். நானும்தான்.

7

கதை இனி மெதுவாகப் போகும். எல்லைப் படங்களில் இந்தப் பகுதி இருக்காது, இதில் யாரும் ஓடுவதில்லை.

படம் வெளியானது. கூட்டம் கூட்டமாக ஜனங்கள் கேட்டைப் பார்க்க வந்தார்கள். கேட்டுக்கு முன்னால் நின்று, கதாநாயகன் மாதிரி தோளால் இடித்துப் படம் பிடித்துக்கொண்டார்கள். கம்பி வழியாக அக்கா வீட்டைக் காட்டிப் பிள்ளைகளுக்குச் சொன்னார்கள்: "அதோ பாரு, அந்த நாடு." சிலர் கையாட்டினார்கள். சிலர் திட்டினார்கள். அக்கா முதலில் பதிலுக்குக் கையாட்டினாள், திட்டினவர்களைத் திரும்பத் திட்டினாள். அப்புறம் கதவைச் சாத்திக்கொண்டாள்.

கேட் திறந்திருக்கிற பகலிலும் அக்கா தெருவுக்குள் வர இப்போது அடையாள அட்டை காட்ட வேண்டும். அட்டையைப் பார்த்து ஒரு காவலர் குழம்பிப்போனார். "விலாசம் இந்தப் பக்கம்னு இருக்கு. நீங்க அந்தப் பக்கத்துலேர்ந்து வர்றீங்களேம்மா?" தினமும் ஒரு புதுக் காவலர், தினமும் அதே கேள்வி. அளவு கொடுக்கப் பிள்ளையைக் கேட்டுக்கு அப்பால் அனுப்ப எந்தத் தாய்க்கு மனசு வரும்? பள்ளி திறக்கிற சமயத்தில்கூட ஒருவரும் வரவில்லை. தையல் மெஷின்மேல் துணி போட்டு மூடிவிட்டாள்.

வெல்டர் அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினார். போட்டவர்கள்தான் கழற்ற வேண்டும் என்றார்கள். போட்டது சினிமாக் கம்பெனி, அந்தக் கம்பெனியை இழுத்து மூடிவிட்டிருந்தார்கள். "போட்டது நாந்தாங்க" என்று சொல்லிப் பார்த்தார். "நீங்க கூலிக்குப் போட்டீங்க" என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

ஒரு சாயங்காலம் கேட் சாத்தின பிறகு, கம்பிக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு அக்காவிடம் கெஞ்சினார்.

"நம்ம வீட்டுக்கு வந்துடுக்கா. எத்தன நாளைக்கு இப்படி தனியா கெடப்ப? ராத்திரி உனக்கு நெஞ்சு வலி வந்தாக்கூட நான் ஆறு மணிக்கு மேல ஓடி வர முடியாது."

"வந்துட்டா?"

"வந்துட்டா என்ன?"

"நான் அங்க இருக்கறவரைக்கும்தான்டா அது வீடு. நான் கெளம்பி வந்துட்டா அது அந்த நாடாவே போயிடும். உங்க மாமா கட்டின வீடுடா அது."

"வீடு போனா போவுது. நீ வேணும்."

"என்னைய ஏண்டா கெஞ்சற? நான் எங்கயும் போகலியே" என்றாள் அக்கா. "நடுவுல கேட்ட வெச்சது நீதானடா."

சொன்ன உடனேயே அவள் நாக்கைக் கடித்துக்கொண்டாள். "விடு. பலமா போடச் சொன்னதும் நாந்தான்." வெல்டருக்கு அழுகை வந்தது. காவலர் பார்க்கிறார் என்று அடக்கிக்கொண்டார்.

8

இங்கேதான் மாட்டிக்கொண்டேன். எழுதிப் பார்த்த முடிவுகளை ஒளிக்காமல் கீழே தருகிறேன்.

அ) வெல்டர் கேஸ் கட்டரை எடுத்துக்கொண்டு வருகிறார். கேட்டை அறுக்கிறார். தீப்பொறி பறக்கிறது. கோபுரத்திலிருந்து ஒரு குண்டு—

மனைவி தாளைக் கீழே வைத்துவிட்டாள். "எல்லைன்னா யாராவது செத்தே ஆகணுமா? அந்தப் படத்துக்காரங்களுக்கும் உங்களுக்கும் என்ன வித்தியாசம்?"

ஆ) அதிகாரி மனம் மாறுகிறார். தானே கேட்டைத் திறந்துவிட்டு அக்காவுக்கு சல்யூட் அடிக்கிறார். தெருவே அழுகிறது. (எழுதும்போது நானும் அழுதேன். அதனால்தான் அடித்துவிட்டேன். எனக்கு அழுகை வந்தால் அதில் ஏதோ கோளாறு என்று இப்போதெல்லாம் சந்தேகம்.)

இ) அக்கா மூட்டையைக் கட்டிக்கொண்டு தம்பி வீட்டுக்கு வந்துவிடுகிறாள். கடைசி வீட்டின் கதவு ஒரு புயலில் கழன்று விழுகிறது. அந்தச் சுவரை மட்டும் யாரோ வருஷா வருஷம் புதுசாகப் பெயிண்ட் அடிக்கிறார்கள், படம் பிடிக்க வருகிறவர்களுக்காக. தம்பி பெண்டாட்டி—

இதைப் படித்துவிட்டு மனைவி எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தாள். "இதான் நடக்கும், இல்ல?" என்றாள். ஆமாம் என்றேன். "அதுக்காக நீங்களே அந்தம்மாவக் காலி பண்ண வைக்கணுமா?"

இந்தக் கேள்விக்கு நான் இன்னும் பதில் யோசித்துக்கொண்டிருக்கிறேன். எல்லைப் படம் எடுத்தவர்கள் அக்காவின் வீட்டுக்கு வண்ணம் அடித்து அதை அந்த நாடாக்கினார்கள். நான் அவள் முகத்தை எடுத்துக்கொண்டு சோகமாக்கினேன். அவள் சிரித்த டேக்குகள் இரண்டு இருந்தன, நானும் அவற்றை ஓரம்கட்டிவிட்டு இறங்கின முகத்தைத்தான் வைத்துக்கொண்டேன். எனக்கும் எல்லையில் ஒரு துயரம் தேவைப்பட்டது. புல்லாங்குழல் மட்டும்தான் இல்லை.

9

ஆகவே இது முடிவு அல்ல. நடந்ததில் இதுவரை எனக்குத் தெரிந்தது, அவ்வளவுதான்.

வந்தவர் போனவரெல்லாம் தோளால் இடித்து இடித்து, மேல் கீல் விட்டுவிட்டது. ஒரு பக்கக் கதவு தொங்கித் தரையில் புதைந்தது. சரியாக மூடவும் இல்லை, திறக்கவும் இல்லை. ஒரு கை நுழையும் அளவுக்கு இடைவெளி விட்டுச் சிக்கிக்கொண்டது. அக்கா காலையிலிருந்து உள்ளே. வேலியைச் சுற்றிப் போகலாமே என்றால் அங்கே கம்பி, கம்பியைத் தாண்டினால் குற்றம்.

ஊரில் ஒரே வெல்டர். அதிகாரியே பட்டறைக்கு வந்து கூப்பிட்டார். கடவுளே கொடுத்த வாய்ப்பு என்று வெல்டர் நினைத்தார். கேட்டைச் சுற்றிச் சுற்றி வந்து பார்த்து, முகத்தை வேண்டுமென்றே சுளித்துக்கொண்டு சொன்னார்: "இது தேறாது சார். மொத்தமா கழட்டிடறதுதான் ஒரே வழி."

அதிகாரி தலையாட்டினார். "எனக்கும் அப்படித்தான்ணே தோணுச்சு. மேல கேட்டேன். கழட்டினா புதுசு அனுப்பறாங்களாம். ஆனா புதுசுல கேட்டு கெடையாது, முழுக்க வேலிதானாம். அந்தம்மாவ நெனச்சுத்தான் உங்ககிட்ட வந்தேன். இத சரி பண்ணிட்டா புதுசு வேணாம்னு எழுதிடுவேன்."

அவர் பொய் சொல்கிறவர் மாதிரி தெரியவில்லை.

அக்கா மறுபக்கத்திலிருந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். இடைவெளி வழியாகக் கையை நீட்டித் தம்பியின் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"டேய். ஒழுங்கா சரி பண்ணிக் குடு."

"அக்கா, நானே எப்படிக்கா இத மூடற மாதிரி—"

"மூடினாத்தான்டா திறக்கும். திறக்கலன்னா நான் எப்படி வெளிய வர்றது?"

அவர் ஜாக்கி வைத்துக் கதவைத் தூக்கினார். பழைய கீலை வெட்டி எடுத்தார். புதுக் கீலைப் பொருத்தி முகமூடியை இறக்கிக்கொண்டார். அதற்குப் பின்னால் அழுதாரா என்று எனக்குத் தெரியாது, அங்கே நான் எட்டிப் பார்க்கவில்லை. வேலை முடிந்தபோது வெயில் சாய்ந்திருந்தது. ஒரு விரலால் தள்ளினால் கதவு நகர்ந்தது.

"மூடிப் பாத்துடலாம்ணே" என்றார் அதிகாரி. "இந்தப் பக்கம் வந்து நில்லுங்க. ஆறு மணி ஆகப் போவுது. அப்படியே பூட்டிடலாம்."

"டேய், நீ இந்தப் பக்கம் வந்து நின்னு பாருடா" என்றாள் அக்கா. "இங்கேர்ந்து தள்ளினா வருதான்னு பாக்கணுமில்ல."

வெல்டர் கேட் திறப்பின் நடுவே நிற்கிறார். கையில் இன்னும் சூடு இறங்காத கீல் துண்டு. ஆறு மணிக்குப் பூட்டினால் காலையில்தான் திறப்பார்கள். இந்தப் பக்கம் வந்தால் வீட்டுக்குப் போவார், அக்கா இன்றைக்கும் தனியாக. அந்தப் பக்கம் போனால், நாளைக் காலையில் அந்த நாட்டிலிருந்து வருகிற இன்னொரு ஆள். பட்டறை, மனைவி, விலாசம் எல்லாம் இந்தப் பக்கம் இருக்க, அட்டையை நீட்டிக்கொண்டு நிற்க வேண்டும். ஒருநாள் நின்றால் தினமும் நிற்க வேண்டிவரும்.

இதற்குமேல் நான் எழுதவில்லை. மனைவி இரண்டு தடவை கேட்டுவிட்டாள், "என்ன ஆச்சு, எந்தப் பக்கம் போனாரு?" என்று. எனக்குத் தெரியாது, அவரே இன்னும் முடிவு பண்ணவில்லை என்றேன். அவள் நம்பவில்லை.

நீங்களே சொல்லுங்கள். அவரை எந்தப் பக்கம் நிறுத்தினாலும் கேட் மூடும், நன்றாகவே மூடும். அதை மாற்ற எனக்கு வழி கிடைக்கவில்லை. ஆளை மட்டும்தான் நகர்த்த முடியும். அக்கா, "வாடா" என்கிறாள். அதிகாரி மணியைப் பார்க்கிறார்.